தண்ணீர் வற்றினால் பூப்பது

கொட்டாஞ்சேனை, கொழும்பு
11-2-1934

என் அன்புத் தங்கை பரிமளத்துக்கு,

பொங்கலுக்கு வரவில்லை என்று நீ கோபமாக இருப்பாய். கோபத்தை ஓரமாக வைத்துவிட்டு இதைப் படி. நல்ல செய்தி.

தேயிலை விலை விழுந்தபோது ஆபீசில் என்னை நிறுத்தினார்கள் அல்லவா, அதன் பிறகு வீட்டில் முடங்கிக் கிடந்தவனுக்கு இப்போது வேலை கிடைத்திருக்கிறது. ஒரு ஜெர்மன்காரரின் கம்பெனி. ஓடை மீன்களையும் நீர்ச்செடிகளையும் கப்பலில் சீமைக்கு அனுப்புகிறார்கள். அங்கே வீட்டுக்குள் கண்ணாடித் தொட்டி வைத்து, மணல் போட்டு, செடி நட்டு, மீன் வளர்க்கிறார்களாம். சிரிக்காதே. அந்தத் தொட்டிதான் இப்போது எங்களுக்குச் சோறு போடுகிறது. உன் அண்ணிக்கு இது ஐந்தாம் மாதம். இந்த நேரத்தில் வேலை வந்தது கடவுள் செயல்.

ஒரு காரியம். உங்கள் தோட்டத்து ஓடையில் சேம்பு மாதிரி ஒரு சிறு செடி மஞ்சளாகப் பூக்கிறது என்று முன்பு எழுதியிருந்தாய். கம்பெனித் தொரையிடம் சொன்னேன். நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். நாலைந்து செடி, பூவோடு, அனுப்ப முடியுமா? மாத்தளையில் கடை வைத்து, தோட்டத்துக்குச் சாமான் கொண்டுவருகிற புஹாரி நானாவிடம் கொடுத்துவிட்டால் ரயிலில் போட்டுவிடுவார்.

மாப்பிள்ளையைக் கேட்டதாகச் சொல். மருமகள் பேச்சிக்கு என் முத்தங்கள்.

உன் அண்ணன்,
ராசையா


எல்கடுவ
20-2-1934

பாசமுள்ள அண்ணனுக்குப் பரிமளம் எழுதுவது.

கோபத்தை ஓரமாக வைக்கச் சொன்னீர்கள். வைத்துவிட்டேன், ஆனால் கை எட்டுகிற தூரத்தில்தான் வைத்திருக்கிறேன். பேச்சிக்குக் காது குத்தியபோது உங்கள் மாப்பிள்ளை மடியிலேயே உட்கார வைத்துக் குத்தினோம். லயத்து வீடுகளிலிருந்து ஒவ்வொருவராக வந்து, "மாமங்காரரு வரலீங்களா?" என்று கேட்டார்கள். பதில் சொல்லிச் சொல்லி வாய் வலித்தது.

வேலை கிடைத்த செய்தி கேட்டு மாரியம்மனுக்குத் தேங்காய் உடைத்தேன். அண்ணியைப் பாரம் தூக்க விடாதீர்கள்.

நீங்கள் கேட்ட செடிக்கு நேற்றுப் பேச்சியோடு போனேன். ஏழாம் நம்பர் மலையைத் தாண்டினால், தேயிலை போடாமல் விட்டிருக்கிற காடு ஒரு துண்டு இருக்கிறது. ஓடை அதற்குள்தான் வருகிறது. நடுப்பகலிலும் அங்கே வெயில் விழாது. அட்டை மட்டும் விழும். பாறைக்கும் பாறைக்கும் நடுவே மணல் தங்கிய இடங்களில் இந்தச் செடி மண்டிக் கிடக்கிறது. இதற்கு இங்கே பெயரே கிடையாது; நாங்களாக ஓடைச்சேம்பு என்கிறோம். தண்ணீர் நிறைய ஓடுகிற காலத்தில் முழுகிக் கிடக்கும், பூக்காது. இப்படி மாசி வெயிலில் ஓடை ஒடுங்கி, இலைகள் வெளியே தலை காட்டிய பிறகுதான் விரல் நீளத்துக்கு ஒரு குழாய் முளைக்கிறது. அதன் வாயில் மஞ்சளாக ஒரு மடல், பிழிந்த துணி மாதிரி முறுக்கிக்கொண்டு நிற்கிறது. பார்க்க அழகு. கிட்டப் போய் முகர்ந்தால் செத்த எலி. பேச்சி மூக்கைப் பொத்திக்கொண்டு, "மாமா வீட்டுக்கு இதையா அனுப்புறீங்க?" என்று சிரித்தாள்.

வேரை அசைத்தாலே மணல் கலங்கிவிடுகிறது. லயத்துப் பீலியில் நாங்கள் குடம் பிடிக்கிற தண்ணீர் அந்த ஓடையிலிருந்துதான் வருகிறது என்பதால், பொம்பளைகள் யாரும் அங்கே காலைக்கூட நனைப்பதில்லை. பயந்து பயந்து ஆறு செடி எடுத்தேன். ஈர மணலோடு வாழை மட்டையில் சுற்றி நானாவிடம் கொடுத்திருக்கிறேன்.

சித்திரைக்காவது வாருங்கள்.

உங்கள் அன்புத் தங்கை,
பரிமளம்


கொட்டாஞ்சேனை
25-3-1934

அன்புத் தங்கைக்கு,

செடி வாடாமல் வந்தது. நீ பொதிந்த விதத்தைத் தொரை மற்றவர்களுக்கு எடுத்துக் காட்டினார். எனக்கு அன்றைக்கே மேசையும் நாற்காலியும் மாறின. இனி மாத்தளைப் பக்கத்து வேலைகளுக்கு நான்தான் பொறுப்பு. எல்லாம் உன்னால்.

இப்போது அவர்களுக்குக் கூடை கூடையாக வேண்டும். அடுத்த மாதம் லொறியில் ஆட்களை அனுப்புகிறேன். அந்தக் காட்டுக்கு மாப்பிள்ளை அவர்களைக் கூட்டிப் போய்விட்டால் போதும். தோட்டத்துத் தொரையிடம் முறையாக உத்தரவு கேட்டால் கடிதம் எழுதி, பதில் வந்து, மழை பிடித்துவிடும். அது தேயிலையும் இல்லை, விறகும் இல்லை; ஓடையில் கிடக்கிற களை. அதைக் கேட்டு யார் சண்டைக்கு வரப் போகிறார்கள்? கங்காணியான மாப்பிள்ளையே கூட வருகிறார் என்றால் காவலுக்கு நிற்கிற வாச்சரும் ஒன்றும் சொல்ல மாட்டான்.

மாப்பிள்ளை தயங்குவார். நீ எடுத்துச் சொல். எனக்காக.

உன் அண்ணன்,
ராசையா


எல்கடுவ
14-5-1934

அண்ணனுக்கு,

எப்படித் தொடங்குவது என்று தெரியவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

உங்கள் ஆட்கள் வந்தார்கள். இவர் முதலில் மாட்டேன் என்றார். "ராசையா மச்சான் கேட்டு இல்லைன்னா நல்லா இருக்காது" என்று பிறகு அவரே துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு முன்னால் நடந்தார். ஆறு செடி எடுக்க நான் பயந்த இடத்தில் அவர்கள் முள்வாரி போட்டு இழுத்தார்கள். பாறைகளைக் கடப்பாரையால் நெம்பிப் புரட்டினார்கள். லொறி வரைக்கும் பாதை வேண்டும் என்று மரத்தையும் வெட்டினார்கள். "போதும்பா, நிறுத்துங்க" என்று இவர் சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை. "ஒங்க மச்சான்தான் ஒண்ணு விடாம எடுக்கச் சொன்னாரு" என்றார்களாம்.

அன்று மாலை பீலியில் சேறு வந்தது. மறுநாளும் சேறுதான். குடத்தோடு நின்ற பொம்பளைகள் என்னைப் பார்த்துப் பேச்சை நிறுத்தினார்கள். குழந்தைகளுக்கு வயிற்றோட்டம் வந்ததும் பேச்சை நிறுத்தவில்லை. முகத்துக்கு நேராகவே கேட்டார்கள்.

தொரைக்குச் செய்தி போயிற்று. இவரை ஆபீஸ் வாசலில் நிறுத்திக் கேட்டாராம்.

"கங்காணி, அந்த ஓடை யாரு ஓடை?"

"தோட்டத்து ஓடைங்க."

"யாரு வந்து எடுத்தா? யாருக்கு நீ காட்டிக் குடுத்த?"

"தெரியாதவங்க. என் புத்தி கெட்டுப்போச்சுங்க தொரை."

உங்கள் பெயரை அவர் சொல்லவில்லை அண்ணா. கம்பெனி பெயரையும் சொல்லவில்லை. சொன்னால் உங்கள் வேலைக்கு ஆபத்து வரும் என்று வாயை மூடிக்கொண்டார். விலை விழுந்ததிலிருந்து யாரை நிறுத்தலாம் என்று பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு இது போதுமானதாக இருந்தது. வேலையை விட்டு நிறுத்தி, பத்துச்சீட்டைக் கையில் கொடுத்து, இந்த வாரத்துக்குள் லயத்தில் நாங்கள் இருக்கிற காம்பிராவைக் காலி பண்ணச் சொல்லிவிட்டார்கள்.

நீங்கள் உடனே புறப்பட்டு வாருங்கள். கம்பெனி அனுப்பிய ஆட்கள், நான்தான் அனுப்பினேன் என்று தொரையிடம் ஒரு வார்த்தை சொல்லுங்கள். உங்களுக்கு இங்கிலீசு தெரியும். நீங்கள் சொன்னால் கேட்பார். வேறு எதுவும் வேண்டாம்.

வழியைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

பரிமளம்


கொட்டாஞ்சேனை
22-5-1934

அன்புத் தங்கைக்கு,

கடிதத்தைப் படித்து இரவெல்லாம் தூங்கவில்லை. ஆனால் நீ சொல்வதைச் செய்ய முடியாத இடத்தில் இருக்கிறேன். உத்தரவு இல்லாமல் ஒரு தோட்டத்துக்குள் ஆட்களை அனுப்பினேன் என்று நானே எழுதிக் கொடுத்தால், இரண்டு தொரைமாரும் பேசிக்கொண்டு என்னை மட்டும் வெளியே தள்ளுவார்கள். அண்ணிக்கு அடுத்த மாதம் பிரசவம். நீயே யோசித்துப் பார்.

ஆனால் உங்களை நான் கைவிட்டுவிடவில்லை. கம்பெனித் தொரையிடம் பேசி மாப்பிள்ளைக்கு வேலை வாங்கியிருக்கிறேன். மாத்தளைக்கு வடக்கே நாலந்தா பக்கம் மலையடிவார ஓடைகளிலும் அந்தச் செடி இருப்பதாகத் தகவல். அங்கே ஆட்களை வைத்து எடுப்பிக்கிற வேலை. கூலி ஆள் இல்லை, மேஸ்திரி. தோட்டத்தில் கொட்டும் மழையில் நிற்பதைவிட இது மேல். நடந்தது ஒருவகையில் நல்லதுக்குத்தானோ என்னவோ.

உன் அண்ணன்,
ராசையா


நாலந்தா
28-10-1934

அண்ணனுக்கு,

மருமகன் பிறந்த செய்தி கிடைத்தது. தாயும் பிள்ளையும் சுகமாக இருக்கட்டும். முன்பே எழுதியிருக்க வேண்டும். மனது வரவில்லை.

புஹாரி நானாவின் மூத்த சகோதரி ஸுபைதா ராத்தாவின் வீட்டுப் பின்கட்டில் குடியிருக்கிறோம். ராத்தா எங்களை அந்நியமாக நினைப்பதில்லை. பேச்சி பகலெல்லாம் அங்கேதான்.

நீங்கள் கொடுத்த வேலையை இவர் செய்துகொண்டுதான் இருக்கிறார். எல்கடுவயில் நடந்ததைப் பார்த்தவர் அல்லவா, ஒவ்வொரு ஓடையிலும் நடுவில் கொஞ்சம் விட்டுவிட்டு ஓரத்தில் மட்டும் எடுக்கச் சொல்கிறார். அதனால் கூடை நிறையவில்லை என்று கம்பெனியிலிருந்து ஏச்சு வருகிறது. ஏச்சுக் கடிதத்தில் கையெழுத்து உங்களுடையது. நம் அப்பா வாத்தியாராக இருந்து பழக்கிவிட்ட கையெழுத்து, எங்கே பார்த்தாலும் தெரிந்துவிடுகிறது.

இந்த வருஷம் மழை ஏமாற்றிவிட்டது. ஆறு என்பது பெயருக்குத்தான். அங்கங்கே குட்டையாகத் தேங்கிக் கிடக்கிறது. தண்ணீர் வற்ற வற்ற உங்கள் மஞ்சள் பூ எல்லா இடத்திலும் தலையை நீட்டுகிறது. நிழலுள்ள ஓடை எதில் இறங்கினாலும் மஞ்சள்தான். கம்பெனிக்குச் சந்தோஷமாக இருக்கும். ஊருக்குச் சந்தோஷம் இல்லை. குட்டைகளில் கொசு புழுத்துக் கிடக்கிறது. இரண்டு வாரமாக வீட்டுக்கு வீடு குளிர்காய்ச்சல். கம்பளி போர்த்தினாலும் பல் அடிக்கிறது. விட்ட மாதிரி விட்டு, மறுபடி பிடிக்கிறது. சிங்கள வீடுகளில் சாவுக்கு வெள்ளைக்கொடி கட்டுவது நாளுக்கு நாள் கூடுகிறது.

இவர் விடிந்ததிலிருந்து பொழுது சாய்கிற வரைக்கும் அந்தத் தண்ணீரில்தான் நிற்கிறார். காய்ச்சல் அடங்குகிற வரைக்கும் வேலையை நிறுத்தி வையுங்கள் அண்ணா. உங்களால் அது முடியும். கொழும்பில் கொய்னா மாத்திரை கிடைத்தால் கொஞ்சம் அனுப்புங்கள், இங்கே கிடைக்கவில்லை.

பரிமளம்


கொட்டாஞ்சேனை
9-12-1934

அன்புத் தங்கைக்கு,

வேலை நெருக்கடியில் பதில் தாமதமாகிவிட்டது. மன்னித்துக்கொள்.

காய்ச்சல் விஷயம் பத்திரிகையிலும் வருகிறது. பத்திரிகைக்காரர்கள் எதையும் ஊதித்தான் எழுதுவார்கள். ஜாக்கிரதையாக இருங்கள், வெந்நீர் குடியுங்கள்.

நிறுத்தி வைப்பது என் கையில் இல்லை. மழை திரும்பிவிட்டால் செடி முழுகிவிடும். பூ இல்லாத செடியை அங்கே வாங்க மாட்டார்கள். பூத்திருக்கும்போது எடுத்தால்தான் உண்டு. தை பிறக்கிற நேரத்தில் ஒரு கப்பல் இருக்கிறது. அதற்கு மட்டும் மாப்பிள்ளை கூடைகளை நிறைத்துக் கொடுக்கட்டும். அதன் பிறகு அவருக்கு ஓய்வு வாங்கித் தருவது என் பொறுப்பு. இந்தமுறை குறைந்தால் என்னைத்தான் கேட்பார்கள் என்று அவரிடம் சொல். நடுவில் விட்டுவைக்கிற பழக்கமெல்லாம் வேண்டாம்.

நானே நேரில் வந்து பார்ப்பதாக இருந்தேன். காய்ச்சல் பகுதிக்கு ஆபீஸ் ஆட்கள் யாரும் போகக் கூடாது என்று கம்பெனி டாக்டர் தடுத்துவிட்டார். சின்னப் பிள்ளை இருக்கிற வீடு என்பதால் உன் அண்ணியும் விடவில்லை.

கொய்னாவுக்குச் சொல்லி வைத்திருக்கிறேன்.

உன் அண்ணன்,
ராசையா


நாலந்தா
20-1-1935

அண்ணனுக்கு,

நீங்கள் அனுப்பிய பதில் தந்தி கிடைத்தது. நான் கொடுத்த தந்தியில் எழுதாததை இப்போது எழுதுகிறேன். நீங்கள் படித்தாக வேண்டும்.

உங்கள் கடிதம் வந்தபோது இவருக்கு ஏற்கெனவே ஒருமுறை காய்ச்சல் வந்து போயிருந்தது. எழுந்து உட்கார்ந்து கஞ்சி குடிக்கத் தொடங்கியிருந்தார். கடிதத்தை வாசித்துக் காட்டச் சொன்னார். நான் பாதியில் நிறுத்தினேன். "மிச்சத்தையும் படி" என்றார். படித்தேன். சுவரில் சாய்ந்துகொண்டார்.

"இந்த ஒரு கப்பலுக்குத்தானே பரிமளம்."

"நிக்கவே முடியல, போறேங்கிறீங்களே."

"போகலேன்னா மச்சான் வேலை போயிரும். கைப்புள்ளக்காரரு."

"எங்க வீட்டுப் புள்ளயும் புள்ளதான்."

காலையில் போய்விட்டார். ஆட்களில் பாதிப் பேர் காய்ச்சலில் கிடந்தார்கள். அதனால் மேஸ்திரியே ஓடையில் இறங்கி எடுத்தார். நாலாவது தடவை நடுக்கம் வந்தபோது கரையில் ஏற முடியாமல் குட்டையிலேயே உட்கார்ந்துவிட்டாராம். மாட்டுவண்டியில் கொண்டுவந்து இறக்கினார்கள். தர்ம டிஸ்பென்சரியில் நானும் ராத்தாவும் மாறி மாறி வரிசையில் நின்று கசப்புத் தண்ணீர் வாங்கி வந்தோம். வயிற்றில் நின்றால்தானே. கடைசியில் அவருக்கு என்னைத் தெரியவில்லை. ஆட்களோடு பேசிக்கொண்டிருந்தார். "நடுவுல விடுங்கப்பா, கொஞ்சம் விடுங்க" என்று அதையே சொல்லிக்கொண்டிருந்தார். பொங்கலுக்கு முதல் நாள் போய்விட்டார்.

அவரைக் குளிப்பாட்டி வாசலில் கிடத்தியிருந்தபோது லொறி வந்தது. கப்பலுக்கான கூடைகளை வீட்டின் பின்னால் கோடிப்புறத்தில் ஈரச்சாக்குப் போட்டு மூடி வைத்திருந்தார்கள். லொறியோட்டுகிற றஹீம் வந்த வேகத்தில் இறங்கிப் பார்த்துவிட்டு அப்படியே நின்றான். கூட வந்த ஓவர்சியர்தான் என்னிடம் வந்தார். "ஒண்ணும் நெனச்சுக்காதீங்கம்மா. கூடை காஞ்சுபோயிரும். கப்பல் நிக்காது." றஹீம், "நாளைக்கி எடுப்போம் சார், மையத்து வீடு" என்றான். அவர் கேட்கவில்லை. பிணத்தைச் சுற்றிக்கொண்டுதான் ஒவ்வொரு கூடையாகத் தூக்கிப் போனார்கள். கூடை ஓட்டை வழியாகத் தண்ணீர் சொட்டி வாசலெல்லாம் கோடு விழுந்தது. றஹீம் தலைத்துண்டை அவிழ்த்து முகத்தைத் துடைத்துக்கொண்டே தூக்கினான்.

நான் தடுக்கவில்லை. தடுக்கத் தெம்பு இல்லை. கூடை குறையவில்லை அண்ணா. கப்பலைப் பிடித்திருக்கும்.

உங்களைக் காய்ச்சல் பகுதிக்குப் போக வேண்டாம் என்று தடுக்க ஒரு டாக்டர் இருந்தார். அதே கடிதத்தில் இவரைப் போகச் சொன்னீர்கள். இரண்டையும் ஒரே பேனாவால் எழுதும்போது கை நிற்கவில்லையா? இதற்கு மட்டும் பதில் எழுதுங்கள்.

பதினாறாம் நாள் காரியம் இருபத்தெட்டாம் தேதி. பிறந்த வீட்டுக் கோடி கொண்டுவர உங்களைத் தவிர எனக்கு யாரும் இல்லை.

பரிமளம்


கொட்டாஞ்சேனை
26-1-1935

என் அன்புத் தங்கைக்கு,

உன் கடிதத்தைப் படித்து அழுத கண்ணீர் எனக்குத்தான் தெரியும். இருந்தாலும் நீ என்னைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துகிற மாதிரி எழுதியிருப்பது நியாயமா? மழை பெய்யாதது என் குற்றமா? ஓடையில் இறங்காதவர்களும் ஆயிரக்கணக்கில் சாகிறார்கள். அவரவர் விதி. நான் வேலை வாங்கிக் கொடுக்காமல் இருந்திருந்தால் நீங்கள் அன்றைக்கே பட்டினி கிடந்திருப்பீர்கள் என்பதையும் நினைத்துப் பார்.

காரியத்துக்கு வர எவ்வளவோ முயற்சி செய்தேன். லீவு கொடுக்கவில்லை, காய்ச்சல் வேறு தணியவில்லை. கோடிப் புடவையை றஹீமிடம் கொடுத்து அனுப்பியிருக்கிறேன். நல்ல உருப்படி, அண்ணியே போய் எடுத்தாள்.

நீயும் பேச்சியும் இனி அங்கே தனியாக இருக்க வேண்டாம். இங்கே வந்துவிடுங்கள். வீட்டு வேலைக்கு இருந்த பெண்ணும் போய்விட்டாள். அண்ணி பிள்ளையை வைத்துக்கொண்டு திண்டாடுகிறாள். நீ சமையலைப் பார்த்துக்கொண்டால் அவளுக்கும் ஒத்தாசை, உனக்கும் ஒரு நிழல். பேச்சி தொட்டில் ஆட்டுவாள்.

உன் அண்ணன்,
ராசையா

பி.கு.: மாப்பிள்ளையின் இடத்துக்கு அந்தப் பக்கத்திலேயே நம்பிக்கையான ஆள் ஒருவன் தேவைப்படுகிறது. புஹாரி நானாவிடம் விசாரித்துச் சொல்.


எல்கடுவ
17-3-1935

ராசையா அவர்களுக்கு,

புடவை காரியத்தன்று காலையில் வந்தது. றஹீம் அதைக் கையில் வைத்துக்கொண்டு யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் வேலிக்கு வெளியே நின்றான். கோடி போடுவதற்கு ஆள் வராமல் துணி மட்டும் வந்ததை அந்த ஊர் இதுவரை பார்த்ததில்லை. கடைசியில் ஸுபைதா ராத்தா தன் பெட்டியைத் திறந்து, பெருநாளுக்கு எடுத்து வைத்திருந்த வெள்ளைச் சீலையைக் கொண்டுவந்து என் தோளில் போட்டாள். "நம்ம வழக்கம் இல்லதான். நான் ஒனக்கு ராத்தா இல்லையா?" என்றாள். அதைத்தான் உடுத்தியிருக்கிறேன். உங்கள் புடவையைப் பிரிக்கவில்லை. இந்தக் கடிதத்தோடு வருகிறது.

நான் கேட்ட கேள்விக்கு நீங்கள் பதில் எழுதவில்லை. இனி வேண்டாம்.

உங்கள் வீட்டுக்கு நான் வரமாட்டேன். பேச்சி யாருடைய தொட்டிலையும் ஆட்டமாட்டாள். காய்ச்சலில் ஆள் குறைந்துபோனதால் இந்தத் தோட்டத்தில் கொழுந்தெடுக்க ஆள் எடுக்கிறார்கள் என்று புஹாரி நானா சொன்னார். வந்து கேட்டேன். நாகமுத்துக் கங்காணி பெண்சாதி என்று தெரிந்ததும் தொரை கொஞ்ச நேரம் யோசித்தார், பிறகு எடுத்துக்கொண்டார். கங்காணி வீட்டில் இருந்தவள், கூடை தூக்கிப் பழக்கம் இல்லை. நெற்றியில் கயிறு அறுக்கிறது. பழகிவிடும். பீலியடியில் பொம்பளைகள் முதலில் முகம் கொடுக்கவில்லை. இப்போது ஒருத்தி இரண்டு பேர் குடத்துக்கு இடம் விடுகிறார்கள்.

பெயர் பதிகிற அன்று ஆபீசில் கிளாக்கர் ஒவ்வொன்றாகக் கேட்டார். புருஷன் பெயர், பிள்ளை பெயர், எனக்கு ஏதாவது ஆனால் யாருக்குச் சொல்லி அனுப்ப வேண்டும் என்று. மாத்தளையில் புஹாரி நானா கடை என்று சொன்னேன்.

"அது சரி, கூடப்பொறந்தவங்க யாரும் இருக்காங்களா?"

பேச்சி என் முகத்தைப் பார்த்தாள்.

"இல்லீங்க" என்றேன். அவர் எழுதிக்கொண்டார்.

நாகமுத்து மனைவி
பரிமளம்